மூடச் சொன்ன உத்தரவு ஏன் நிற்கவில்லை?

போன வருஷம் எங்கள் மாதக் கூட்டத்தில் எல்லோருக்கும் லட்டு கொடுத்தோம். மாடம்பாக்கம், அகரம்தென் பக்கம் அடுக்குமாடிகளுக்கு நடுவே இன்னும் கீரைப் பாத்தியும் கத்தரித் தோட்டமும் வைத்திருப்பவர்கள் நாங்கள். ஏரிக்கு வரும் வரத்துக் கால்வாயின் மேல்கரையில் உலோகத்துக்கு முலாம் பூசும் பட்டறை ஒன்று இருக்கிறது. அதன் கழிவு கால்வாயில் இறங்க ஆரம்பித்த பிறகு என் கிணற்றுத் தண்ணியில் மஞ்சள் படிந்தது. அந்தத் தண்ணியைப் பாய்ச்சிய அரைக்கீரை விளிம்பு கருகி நின்றது. இயற்கை விவசாயம் என்று நம்பி வாங்கிப் போகும் வாடிக்கையாளரிடம் அந்தக் கீரையை எப்படிக் கொடுப்பது? அழித்துப் போட்டேன்.

மனு மேல் மனு கொடுத்தோம். கடைசியில் பட்டறையை மூடச் சொல்லி உத்தரவு வந்தது, கரண்ட்டையும் துண்டித்தார்கள். அதற்குத்தான் லட்டு. இருபது நாள் கூட ஆகவில்லை, பட்டறைக்காரர் இடைக்காலத் தடை வாங்கி வந்துவிட்டார். கால்வாயில் மறுபடியும் மஞ்சள்.

கூட்டத்தில் மூத்தவர் ஒருவர் என்னைப் பார்த்து, “ஏன் தம்பி, தண்ணியில விஷம் கலக்குறவனுக்கு இம்புட்டு மரியாதையா? அவன்கிட்ட கேட்டுட்டுத்தான் மூடணுமா?” என்று கேட்டார். எனக்கும் அதே கோபம்தான். ஆனால் தடை உத்தரவின் நகலை வாங்கி, தெரிந்த வக்கீல் ஒருவரோடு உட்கார்ந்து படித்தபோது கோபம் திசை மாறியது. பட்டறை தப்பு செய்யவில்லை என்று யாரும் சொல்லவில்லை. உத்தரவு போட்ட விதம் தப்பு என்றுதான் இருந்தது. முன்னறிவிப்பு கொடுக்கவில்லை. கழிவு நீர் மாதிரியை எடுத்தபோது பட்டறை ஆள் யாரும் பக்கத்தில் இல்லை, கையெழுத்தும் இல்லை. அவசரம் என்றால் என்ன அவசரம் என்று ஒரு வரி கூட எழுதவில்லை. மூன்று ஓட்டை. அந்த மூன்று வழியாகவும் கழிவு திரும்ப எங்கள் கால்வாய்க்கே வந்துவிட்டது.

அதற்கப்புறம் 1974ஆம் ஆண்டு நீர் மாசுத் தடுப்பு மற்றும் கட்டுப்பாட்டுச் சட்டத்தைக் கையில் வைத்துக்கொண்டு சில மாதம் படித்தேன். படித்ததை இந்த இதழில் பகிர்ந்துகொள்கிறேன். ‘ஆலைக்காரன் உரிமையை நாம எதுக்குப் படிக்கணும்’ என்று தோன்றும். அவருடைய உரிமையை மதித்து நடந்த நடவடிக்கை மட்டும்தான் நீதிமன்றப் படி ஏறி நிற்கிறது, அதனால்தான். இன்னொரு காரணமும் உண்டு, அதைப் பிறகு சொல்கிறேன்.

கேட்காமல் தீர்ப்புச் சொல்லாதே

சட்டக்காரர்கள் இதற்கு வைத்திருக்கும் பெயர் ‘இயற்கை நீதி’. இயற்கை விவசாயிகளான நமக்குப் பேரே பிடித்துப்போகும். உள்ளே இருப்பது இரண்டே விஷயம். ஒருவர் மேல் நடவடிக்கை எடுக்கும் முன் அவர் பக்கத்தைக் கேட்க வேண்டும். வழக்கில் சம்பந்தப்பட்டவரே நீதிபதியாக உட்காரக்கூடாது. இது இங்கிலீஷ்காரன் கொண்டு வந்து கொடுத்ததாகச் சிலர் நினைக்கிறார்கள். பொற்கொல்லன் சொன்ன ஒரு பேச்சைக் கேட்டு, கோவலனை ஒரு வார்த்தை விசாரிக்காமல் வெட்டச் சொன்ன பாண்டியனுக்கு என்ன ஆனது என்று சிலப்பதிகாரம் படித்த ஊர் நம்முடையது. அங்கே கோவலன் நிரபராதி. குற்றம் செய்தவனாகவே இருந்தாலும் கேட்டுவிட்டுத்தான் தண்டிக்க வேண்டும் என்பது சட்டம். கேட்பதற்கு முன்னால் எவன் குற்றவாளி, எவன் இல்லை என்று யாருக்குத் தெரியும்?

பல்லாவரம் சொல்லும் பாடம்

நம்ம பக்கத்துக்கு இது புதிய சண்டை இல்லை. குரோம்பேட்டை என்ற பெயரே தோலுக்குக் குரோமியம் ஏற்றிப் பதனிட்ட குரோம் லெதர் கம்பெனியால் வந்தது. பல்லாவரம், நாகல்கேணி, குரோம்பேட்டை என்று தோல் பட்டறைகள் வரிசையாக இருந்த பகுதி இது. அந்தப் பக்கத்துப் பழைய ஆட்களிடம் கிணற்றைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள், ஒவ்வொருவரிடமும் ஒரு கதை இருக்கும்.

1991இல் வேலூர் மக்கள் நல மன்றம் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. பாலாற்றங்கரைத் தோல் ஆலைகள்தான் அந்த வழக்கின் மையம். தீர்ப்பு வந்தபோது வட ஆற்காடு, ஈரோடு, திண்டுக்கல், திருச்சி மாவட்டங்களோடு நம்முடைய அன்றைய செங்கை எம்.ஜி.ஆர். மாவட்டமும் அதற்குள் வந்தது. 1996 ஆகஸ்ட் 28 அன்று நீதிபதி குல்தீப் சிங் தலைமையிலான அமர்வு தீர்ப்பளித்தது. தோல் ஆலைப் பகுதியில் சுமார் 35,000 ஹெக்டேர் விளைநிலம் பாதியாகவோ முழுதாகவோ சாகுபடிக்கு உதவாமல் போனது என்ற வேளாண் பல்கலைக்கழக ஆய்வு மையத்தின் கணக்கு அந்தத் தீர்ப்பில் பதிவாகியிருக்கிறது. மாசுபடுத்தியவரே செலவை ஏற்க வேண்டும், தன் தொழில் சுற்றுச்சூழலைக் கெடுக்காது என்று நிரூபிக்கும் பொறுப்பு தொழில் நடத்துபவருடையது என்ற இரண்டு கொள்கையும் இந்த நாட்டுச் சட்டத்தின் பகுதி என்று அழுத்திச் சொன்ன தீர்ப்பு அது. ஐந்து மாவட்டத் தோல் ஆலைகள் ஒவ்வொன்றுக்கும் 10,000 ரூபாய் அபராதம் விதித்தது. சென்னை உயர் நீதிமன்றத்தில் பசுமை அமர்வு ஒன்றை அமைக்கச் சொன்னது. பாதிக்கப்பட்ட உழவர்களுக்கு இழப்பீடு கணக்கிட ஓர் ஆணையம் அமைக்கச் சொன்னதும் அதுதான்.

நம் இயக்கக் கூட்டங்களில் இந்தத் தீர்ப்பைப் பற்றி நிறையப் பேசியிருக்கிறோம். ஆனால் அதில் ஒன்றை நான் முன்பு கவனிக்கவே இல்லை. அவ்வளவு கடுமையாகப் பேசிய நீதிமன்றம் எல்லா ஆலையையும் மறுநாளே பூட்டவில்லை. சுத்திகரிப்பு நிலையம் அமைத்து வாரியத்தின் இசைவாணை வாங்க 1996 நவம்பர் 30 வரை கெடு கொடுத்தது. அதுவரை மூடல் உத்தரவுகளை நிறுத்தி வைத்தது. கெடுவுக்குள் வாங்காதவை மூடப்பட வேண்டும் என்றது. அதற்கு முன்பு வழக்கு நடந்த ஐந்து வருஷமும் திரும்பத் திரும்ப அவகாசம் கொடுத்திருந்தார்கள். அந்தத் தீர்ப்பை யாரும் ‘எங்களைக் கேட்கவே இல்லை’ என்று அசைக்க முடியாமல் போனதற்கு அதுதான் காரணம் என்பது என் கருத்து. நமக்கு அந்த ஐந்து வருஷம் வயிற்றெரிச்சல்தான், இல்லை என்று சொல்லவில்லை. ஐந்து வருஷம் கேட்க வேண்டிய அவசியமும் இல்லை. பதினைந்து நாள் போதும் என்று விதியே சொல்கிறது.

மாதிரி எடுக்கும் அரை மணி நேரம்

எனக்குத் தெரிந்து பாதி வழக்கு கழிவு நீரைப் பாட்டிலில் பிடிக்கும் அரை மணி நேரத்திலேயே முடிந்துவிடுகிறது. நீர்ச் சட்டத்தின் 21ஆவது பிரிவைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்கலாம்.

வாரிய அதிகாரி ஓர் ஆலையின் கழிவு நீர் மாதிரியை எடுக்கும்போது, இதைப் பகுப்பாய்வுக்கு அனுப்பப்போகிறேன் என்று அங்கேயே அப்போதே ஆலைப் பொறுப்பாளருக்கு எழுத்தில் அறிவிப்புக் கொடுக்க வேண்டும். அவரோ அவருடைய ஆளோ பார்த்துக்கொண்டிருக்க, அவர் கேட்டால் மாதிரியை இரண்டு பங்காகப் பிரிக்க வேண்டும். இரண்டையும் தனித்தனிக் கலத்தில் ஊற்றி, அடையாளமிட்டு, முத்திரை வைத்து, இரு தரப்பும் கையெழுத்துப் போட வேண்டும். ஒன்று வாரியத்தின் ஆய்வகத்துக்கு. மற்றது, ஆலைக்காரர் கோரினால், சட்டப்படி அமைக்கப்பட்ட அரசு ஆய்வகத்துக்கு. முதல் முடிவில் சந்தேகம் வந்தால் ஒத்துப் பார்க்க இரண்டாவது இருக்கிறது. ஆலைக்காரர் வேண்டுமென்றே நழுவிப் போனால்? அதற்கும் வழி இருக்கிறது. அதிகாரி தானே முத்திரையிட்டுக் கையெழுத்துப் போட்டு அனுப்பலாம். ஆனால் ‘அறிவிப்புக் கொடுத்தும் வேண்டுமென்றே வரவில்லை’ என்று ஆய்வாளருக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். சோதனைச் செலவும் அப்போது ஆலைக்காரர் தலையில்.

இந்த முறைப்படி எடுக்காத மாதிரியின் முடிவை எந்தச் சட்ட நடவடிக்கையிலும் சாட்சியமாக ஏற்கக்கூடாது என்று அதே பிரிவு சொல்கிறது. இது வெறும் காகிதச் சட்டம் இல்லை. 1986இல் டெல்லி உயர் நீதிமன்றம் குளிர்பானம் அடைக்கும் நிறுவனம் ஒன்றின் வழக்கில், சட்டம் சொன்ன வழியில் ஆய்வு நடக்கவில்லை என்பதற்காக அந்த முடிவையே சாட்சியமாக ஏற்க மறுத்தது. எங்கள் பட்டறை வழக்கிலும் இதேதான். அதிகாரி வந்தது சாயங்காலம், பட்டறை கேட் பூட்டியிருந்தது, வெளியே கால்வாயில் ஒரு பாட்டில் பிடித்துக்கொண்டு போய்விட்டார். நாங்கள் பக்கத்தில் நின்று கைதட்டினோம்!

இதில் நமக்கு இன்னொரு பாடமும் உண்டு. நம் கிணற்றுத் தண்ணியை நாமே பாட்டிலில் பிடித்துக்கொண்டு போய்ச் சோதித்து வாங்கும் அறிக்கை மனுவுக்கு வலு சேர்க்கும், அதிகாரியை வரவழைக்கும். ஆலையின் குழாயிலிருந்துதான் அது வந்தது என்று அந்த அறிக்கை தனியாக நிரூபிக்காது. அதற்கு 21ஆவது பிரிவின்படி எடுத்த மாதிரி வேண்டும். ஆகவே அதிகாரி வரும்போது, “ஐயா, உள்ளே போய் அவங்க ஆளை வச்சிக்கிட்டு எடுங்க, கையெழுத்து வாங்குங்க” என்று சொல்ல வேண்டியது நாம்தான்.

நோட்டீஸ், பதில், காரணம்

ஆலையை மூடவும் கரண்ட், தண்ணி இணைப்பைத் துண்டிக்கவும் வாரியத்துக்கு அதிகாரம் தருவது 33ஏ பிரிவு. 1988இல் திருத்தம் செய்து சேர்த்தது. அந்தப் பிரிவின் வாசகத்தில் விசாரணை என்ற பேச்சே கிடையாது. அது விதிகளில் இருக்கிறது. 1986ஆம் ஆண்டு சுற்றுச்சூழல் பாதுகாப்பு விதிகளின் 4ஆவது விதியைப் பாருங்கள்: என்ன உத்தரவு போடப்போகிறோம் என்ற நகலை முதலில் ஆலைக்கு அனுப்ப வேண்டும். ஆட்சேபம் சொல்ல 15 நாளுக்குக் குறையாமல் அவகாசம் தர வேண்டும். ஆட்சேபம் வந்த 45 நாளுக்குள் அந்த உத்தரவை உறுதி செய்யலாம், மாற்றலாம், கைவிடலாம். நீர்ச் சட்டத்தின் கீழ் வரும் உத்தரவுகளுக்கும் நடைமுறை இதே அச்சுதான்.

‘பதினைந்து நாள் விஷம் ஓடட்டுமா’ என்று கேட்பீர்கள். அதற்கும் விதி இருக்கிறது. சுற்றுச்சூழலுக்குக் கடும் கேடு வரும் வாய்ப்பு இருந்தால் அவகாசம் கொடுக்காமலே உத்தரவு போடலாம். ஒரே நிபந்தனை, ஏன் காத்திருக்க முடியாது என்ற காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும். நீர்ச் சட்டத்தின் 32ஆவது பிரிவும் அவசரக் காலத்தில் கழிவு விடுவதை உடனே நிறுத்தச் சொல்லும் அதிகாரத்தைத் தருகிறது. அங்கேயும் காரணம் எழுத வேண்டும். எங்கள் பட்டறைக்குப் போட்ட உத்தரவில், ‘கால்வாய் ஏரிக்குப் போகிறது, கீழே பாசனக் கிணறுகள் இருக்கின்றன, பயிர் கருகியிருக்கிறது’ என்று மூன்று வரி எழுதியிருந்தால் ஒருவேளை நின்றிருக்கும். அந்த மூன்று வரியும் எங்கள் மனுவிலேயே இருந்தது. எடுத்து எழுத யாருக்கும் தோன்றவில்லை.

உத்தரவுக்குப் பிறகு ஆலைக்காரர் போகும் வழி இரண்டு. இசைவாணையை மறுத்தாலோ திரும்பப் பெற்றாலோ 28ஆவது பிரிவின்படி 30 நாளுக்குள் மாநில மேல்முறையீட்டு ஆணையத்துக்குப் போக வேண்டும். 33ஏ பிரிவில் மூடச் சொன்னால் 33பி பிரிவின்படி நேரே தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். தென் மண்டல அமர்வு சென்னையிலேயே இருக்கிறது.

வழி மாறினால் என்ன ஆகும் என்பதற்குத் தூத்துக்குடி ஸ்டெர்லைட்டை விடப் பெரிய உதாரணம் இல்லை. 2018 ஏப்ரல் 9 அன்று வாரியம் இசைவாணையைப் புதுப்பிக்க மறுத்தது. மே 22 அன்றும் மறுநாளும் நடந்த துப்பாக்கிச் சூட்டில் 13 பேர் செத்தார்கள். மே 28 அன்று ஆலையை நிரந்தரமாக மூட அரசாணை வந்தது. ஆலை பசுமைத் தீர்ப்பாயத்துக்குப் போனது. தீர்ப்பாயம் அமைத்த நீதிபதி தருண் அகர்வால் குழு, முறையான முன்னறிவிப்பு கொடுக்காமல் மூடியது இயற்கை நீதிக்கு எதிரானது என்று சொன்னது. டிசம்பரில் தீர்ப்பாயம் ஆலைக்குச் சாதகமாக உத்தரவிட்டது. அந்தச் செய்தி வந்த அன்று தூத்துக்குடிக்காரர்களுக்கு எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். 2019 பிப்ரவரி 18 அன்று உச்ச நீதிமன்றம், மேல்முறையீட்டு ஆணையத்தைத் தாண்டித் தீர்ப்பாயம் இதை விசாரிக்க முடியாது என்று அந்த உத்தரவை ரத்து செய்து, உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம் என்றது. உயர் நீதிமன்றம் ஆலை சொன்னதையெல்லாம் நீண்ட நாள் கேட்டது. 2020 ஆகஸ்ட் 18 அன்று மூடலை உறுதி செய்தது. 2024 பிப்ரவரி 29 அன்று உச்ச நீதிமன்றமும் உறுதி செய்தது. ஆலையை மூடுவது முதலில் கையில் எடுக்க வேண்டிய வழி அல்ல, ஆனால் திரும்பத் திரும்ப நடந்த மீறல்கள் வேறு வழி விடவில்லை என்பதே அங்கே சொல்லப்பட்டதன் சாரம்.

ஆறு வருஷம். கடைசியில் நின்றது பல வருஷமாகப் பதிவான மீறல்களின் கோப்பு. அந்தப் பதினைந்து நாள் நோட்டீஸை ஆரம்பத்திலேயே கொடுத்திருந்தால் ஒரு வாதம் குறைந்திருக்கும் என்று நான் நினைக்கிறேன். மாற்றுக் கருத்து உள்ளவர்கள் நம் இயக்கத்திலேயே இருக்கிறார்கள், எழுதட்டும்.

பசுமைத் தீர்ப்பாயமே சில சமயம் அவசரப்பட்டு ஆலைக்காரரைக் கேட்காமல் உத்தரவிட்டு, உச்ச நீதிமன்றத்தில் குட்டு வாங்கியிருக்கிறது. தீர்ப்பாயச் சட்டத்தின் 19ஆவது பிரிவே அது இயற்கை நீதிப்படி நடக்க வேண்டும் என்கிறது. 2023இல் சிங்ரௌலி அனல்மின் நிலைய வழக்கிலும், 2024 ஜனவரியில் வீணா குப்தா வழக்கிலும் அப்படிப்பட்ட உத்தரவுகள் ரத்தாகின. 2025 ஆகஸ்ட் 4 அன்று வந்த இன்னொரு தீர்ப்பு நமக்கு முக்கியம். மாசுபடுத்தியவரிடம் சீர்செய்யும் செலவை இழப்பீடாக வாங்க வாரியங்களுக்கு அதிகாரம் உண்டு என்று அதில் உச்ச நீதிமன்றம் சொன்னது. கூடவே, இயற்கை நீதி உள்ளடங்கிய விதிகளை வகுத்துவிட்டுத்தான் அதைச் செய்ய வேண்டும் என்றும் சொன்னது. அதிகாரமும் கேட்கும் கடமையும் ஜோடி மாடு மாதிரி, ஒன்றை அவிழ்த்துவிட்டால் ஏர் நகராது.

நம்ம வீட்டுக்கும் நோட்டீஸ் வரும்

முன்னே சொல்லாமல் விட்ட இன்னொரு காரணம் இதுதான். நம்மில் எத்தனை பேர் இப்போது மதிப்புக் கூட்டுகிறோம் என்று செக்கு, அரிசி ஆலை, பால் பண்ணை, பழச்சாறு என்று இறங்கியிருக்கிறோம்! கழிவு நீர் வரும் எந்தத் தொழிலும் வாரியத்தின் பார்வையில் தொழில்தான். நெல் அவித்த தண்ணியும் மாட்டுக் கொட்டில் கழுவிய தண்ணியும் ஓடையில் இறங்கினால் பக்கத்து வயல்காரர் மனு கொடுப்பார், கொடுக்கவும் வேண்டும்.

எங்கள் வட்டாரத்து நண்பர் ஒருவருக்கு அப்படி ஒரு ஷோகாஸ் நோட்டீஸ் வந்தது. ‘இயற்கை விவசாயிக்கே நோட்டீஸா’ என்று கோபப்பட்டுப் பரண் மேல் தூக்கிப் போட்டுவிட்டார். அவகாசம் முடிந்து அடுத்த கடிதம் வந்தபோதுதான் என்னிடம் ஓடி வந்தார். பதில் சொல்ல வாய்ப்புக் கொடுத்தும் சொல்லாதவரை எந்த நீதிமன்றமும் பாவம் என்று பார்க்காது. நோட்டீஸ் வந்தால் முதலில் உறையின் மேல் வந்த தேதியை எழுதி வையுங்கள். உறையைத் தூக்கி எறியாதீர்கள், நாள் கணக்கு அதிலிருந்துதான். குற்றச்சாட்டு ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாகப் பதில் எழுதுங்கள். உண்மையாக இருப்பதை ஒப்புக்கொண்டு, எத்தனை நாளில் சரி செய்வேன் என்று எழுதுவது பல சமயம் சண்டை போடுவதை விட நல்லது. கழிவு நீர் ஆய்வறிக்கையின் நகல் ஆலைக்காரருக்குக் கிடைக்க வேண்டும் என்று 22ஆவது பிரிவு சொல்கிறது, அதைக் கேட்டு வாங்குங்கள். நேரில் விளக்கம் சொல்ல விரும்புகிறேன் என்று பதிலின் கடைசியில் ஒரு வரி சேருங்கள். பதிலை நேரில் கொடுத்தால் நகலில் முத்திரை வாங்குங்கள், தபால் என்றால் ஒப்புகை அட்டையோடு.

நண்பர் கழிவு நீருக்கு இரண்டு தொட்டி கட்டி, கல்வாழையும் சேப்பங்கிழங்கும் நட்டு, அந்தத் தண்ணியைத் தன் தென்னைக்கே பாய்ச்சுகிறார். போட்டோவோடு விளக்கம் கொடுத்தார். நடவடிக்கை அதோடு நின்றது.

பாதிக்கப்பட்டவர் குரல்

கேட்கப்படும் உரிமை ஆலைக்காரருக்கு மட்டும் என்று நினைத்துவிட வேண்டாம். எந்த ஆலைக்கு என்ன நிபந்தனையோடு இசைவாணை கொடுத்தார்கள் என்ற பதிவேட்டை வாரியம் வைத்திருக்க வேண்டும், அந்தக் கழிவு வாய்க்காலால் பாதிக்கப்படும் யாரும் அலுவலக நேரத்தில் அதைப் போய்ப் பார்க்கலாம் என்கிறது 25(6). இந்த ஒரு உட்பிரிவு எங்களுக்கு முதலிலேயே தெரிந்திருந்தால் ஒரு வருஷம் மிச்சமாகியிருக்கும். 49ஆவது பிரிவின்படி வாரியத்துக்கு 60 நாள் முன்னறிவிப்புக் கொடுத்துவிட்டு நாமே குற்றவியல் நீதிமன்றத்தில் புகார் தொடுக்கவும் வழி இருக்கிறது. பார்த்தீர்களா, நாமும் நோட்டீஸ் கொடுத்துவிட்டுத்தான் போக வேண்டும்.

இதையெல்லாம் படித்த பிறகு எங்கள் மனுவை மறுபடி எழுதினோம். பழைய மனு முழுக்க ஆவேசம். புதிய மனுவில் தேதி, நேரம், கால்வாய்த் தண்ணியின் நிறம், அன்று மழை உண்டா இல்லையா என்று நான்கு மாதக் கணக்கு. ராத்திரி பதினொன்று முதல் விடிகாலை நாலு மணி வரைதான் மஞ்சள் வருகிறது என்று அந்தக் கணக்கில் தெரிந்தது. அந்த நேரத்தில் வந்து, ஆள் முன்னிலையில், இரண்டு பாட்டிலாகப் பிரித்து மாதிரி எடுக்க வேண்டும், முறைப்படி நோட்டீஸ் கொடுக்க வேண்டும், விசாரணையில் எங்களையும் கேட்க வேண்டும் என்று எழுதினோம். அதிகாரி அந்த மனுவைப் படித்துவிட்டு, “இது யார் எழுதிக் கொடுத்தது?” என்று கேட்டார். “கீரைக்காரர் சார்” என்றார் எங்களோடு வந்த அம்மா.

மாதிரி எடுத்தார்கள். நோட்டீஸ் போனது. பதினைந்து நாளில் பட்டறைக்காரர் பதில் கொடுத்தார். நேர் விசாரணைக்கு நாங்கள் நாலு பேர் போய் உட்கார்ந்தோம். அவர் பாதிக்கு மேல் மழுப்பினார். ஆனால் ஒன்று சொன்னார், எனக்கு அது சுருக்கென்று தைத்தது. கால்வாயில் கறுப்பாக, நாற்றத்தோடு வருவது தன்னுடையது இல்லை, ராத்திரியில் செப்டிக் டேங்க் லாரிகள் வந்து திறந்துவிட்டுப் போகின்றன, தன் கேட் கேமராவில் பதிவு இருக்கிறது என்றார். போட்டுக் காட்டினார். உண்மைதான். நான்கு மாதமாக மஞ்சளையும் கறுப்பையும் நாங்கள் ஒரே கணக்கில் எழுதி வந்திருக்கிறோம். அவரைக் கேட்காமல் மூடியிருந்தால் கறுப்பு அப்படியே ஓடிக்கொண்டிருந்திருக்கும். நாங்களோ பட்டறையை ஒழித்துவிட்டோம் என்று லட்டு தின்றிருப்போம்.

மஞ்சளுக்கு அவர் பதில் சொல்லியே ஆக வேண்டும், ஆய்வக முடிவு அவர் கையெழுத்துப் போட்ட பாட்டிலிலிருந்து வந்தது. சுத்திகரிப்புத் தொட்டிக்குக் கெடு வைத்திருக்கிறார்கள், அதுவரை முலாம் தொட்டியை இயக்கக் கூடாது என்று எழுத்தில் வாங்கியிருக்கிறோம். லாரிகளுக்காக மாநகராட்சிக்குத் தனி மனு தயாராகிறது. நோட்டில் இப்போது இரண்டு பத்தி போட்டிருக்கிறேன், மஞ்சளுக்கு ஒன்று, கறுப்புக்கு ஒன்று. அடுத்த விசாரணை வருகிற மாதம் இரண்டாம் செவ்வாய். சேலையூர், செம்பாக்கம் பக்கத்து நண்பர்கள் யாராவது உடன் வர முடிந்தால் நல்லது.